பானையைப் பார்த்துச் சாப்பிடு!

இளநீரில் வேகும் பன்றிக் கறி: வியட்நாம் வீட்டுச் சாப்பாடு

"சாப்பிட்டாச்சா?"

வழியில் தெரிந்தவரைப் பார்த்தால் நாம் முதலில் கேட்கும் கேள்வி இதுதான்.

இங்கிருந்து கடல் கடந்து, பர்மாவையும் தாய்லாந்தையும் தாண்டிப் போனால் வியட்நாம் வருகிறது. அங்கேயும் இதே கேள்விதான்! "அன் கொம் சுவா?" என்று கேட்கிறார்கள். "சோறு சாப்பிட்டாச்சா?" என்று பொருள்.

சோறு என்றால் அவர்களுக்கு வெறும் சோறு மட்டும் அல்ல. குழம்பு, கறி, கீரை எல்லாம் சேர்ந்த முழுச் சாப்பாட்டுக்கும் "கொம்" என்றுதான் பெயர். நாமும் "ஒரு வாய் சோறு சாப்பிட்டுப் போ" என்றுதானே விருந்தாளியை அழைக்கிறோம்?

அந்த நாட்டு வீடுகளில் ஒரு பானைக் கறி சமைக்கிறார்கள். பன்றிக் கறியையும் முட்டையையும் இளநீரில் போட்டு மெதுவாக வேகவைக்கிறார்கள்.

இளநீரை அடுப்பில் வைப்பதா? கேட்டால் வியப்பாகத்தான் இருக்கும். எங்கள் வீட்டிலும் அப்படித்தான் கேட்டார்கள். ஆனால் அந்தப் பானைக்குள் ஒரு நாட்டின் கதையே இருக்கிறது. அதைக் கேளுங்கள். பிறகு, விருப்பம் இருந்தால், நீங்களும் செய்து பாருங்கள்.

(பன்றிக் கறி எல்லா வீட்டு அடுப்பிலும் ஏறாது. சமயக் கட்டுப்பாட்டால் தொடாதவர்கள் உண்டு. பழக்கம் இல்லாதவர்களும் உண்டு. அவர்களுக்கும் வழி இருக்கிறது. பின்னால் சொல்கிறோம்.)

நெல், அரிசி, சோறு

வயலில் நிற்பது நெல். உரலில் குத்தினால் அரிசி. பானையில் வெந்தால் சோறு. நமக்கு மூன்றும் வேறு வேறு பெயர். ஆங்கிலத்தில் இந்த மூன்றுக்கும் ஒரே சொல்தான்.

வியட்நாம் மொழியில் நம்மைப் போலவே மூன்று சொற்கள். நெல்லுக்கு "லுவா". அரிசிக்கு "காவ்". சோற்றுக்கு "கொம்". நெல்லோடு பிறந்து நெல்லோடு வளர்ந்த மக்கள் என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டாம்.

வியட்நாம் படத்தைப் பார்த்தால் நாடு ஒல்லியாக, நீளமாக இருக்கும். வடக்கே செவ்வாற்றுச் சமவெளி. தெற்கே மேக்கொங் ஆற்றின் கழிமுகம். இரண்டும் நெல் விளையும் பூமி. நடுவே குறுகிய மலைநாடு. "எங்கள் நாடு தோளில் சுமக்கும் ஒரு காவடி; இரு முனையிலும் ஒவ்வொரு நெற்கூடை" என்று அவர்கள் சொல்வது வழக்கம்.

தெற்குப் பகுதியில் தென்னையும் மிகுதி. மேக்கொங் கழிமுகத்தில் பென் ட்ரே என்ற பகுதி தென்னந்தோப்புகளுக்குப் பெயர் பெற்றது. குடிக்கவும் இளநீர், குழம்பு வைக்கவும் இளநீர். தண்ணீரைவிட இளநீரில் வெந்தால் கறிக்குத் தனி இனிப்பு ஏறும் என்று அங்கே கண்டுகொண்டார்கள்.

பன்றியோ வீட்டுக்கு வீடு வளர்ந்தது. நெல் குத்திய தவிடும், நறுக்கிய வாழைத்தண்டும் அதற்குத் தீனி. ஏழைக் குடியானவனுக்குப் பன்றிதான் உண்டியல். குட்டி வாங்கி வளர்த்தால் திருமணத்துக்கோ, பண்டிகைக்கோ உதவும். இன்றைக்கும் வியட்நாமில் மக்கள் மிகுதியாக உண்ணும் இறைச்சி பன்றிக் கறிதான்.

நடுவில் ஒரு தட்டு

வியட்நாம் வீட்டில் சாப்பாடு எப்படி நடக்கிறது?

பாயை விரிக்கிறார்கள். நடுவில் பெரிய வட்டத் தாம்பாளம். அதில் உப்பும் காரமுமாக ஒரு கறி அல்லது மீன். ஒரு கிண்ணம் கீரை. ஒரு பெரிய கிண்ணத்தில் நம் ரசம் போன்ற நீர்த்த சாறு. எல்லாவற்றுக்கும் நடுவில், தொட்டுக்கொள்ள மீன் சாறு.

பல வீடுகளில் இப்போது மேஜை, நாற்காலி வந்துவிட்டன. ஆனாலும் முறை மாறவில்லை. ஒவ்வொருவருக்கும் தனித்தனியாக இருப்பது சோற்றுக் கிண்ணம் ஒன்றுதான். மற்றவை எல்லாம் பொது. குச்சியால் எடுத்து, தன் கிண்ணத்துச் சோற்றின் மேல் வைத்து உண்ண வேண்டும். பெரியவர்கள் தொடாமல் சிறியவர்கள் தொடக்கூடாது. வடக்கே குழந்தைகள், "தாத்தா சாப்பிடுங்கள், பாட்டி சாப்பிடுங்கள், அப்பா சாப்பிடுங்கள், அம்மா சாப்பிடுங்கள்" என்று வரிசையாக அழைத்த பிறகுதான் வாயில் வைக்கும்.

சோற்றுப் பானை தட்டில் இருக்காது. பக்கத்தில், தரையில் இருக்கும். அதன் அருகே அம்மாவோ மருமகளோ உட்கார்ந்திருப்பாள். மற்றவர்களின் கிண்ணம் காலியாகக் காலியாக, அவள் வாங்கிச் சோறு போட்டுத் தருவாள். தான் உண்பது இடையிடையேதான்.

அதனால்தான் அங்கே குழந்தைகளுக்கு ஒரு பழமொழியைச் சொல்லித் தருகிறார்கள்:

"சாப்பிடும்போது பானையைப் பார். உட்காரும்போது திசையைப் பார்."

பானையில் எவ்வளவு மிச்சம் இருக்கிறது, இன்னும் எத்தனை பேர் சாப்பிட வேண்டும் என்று பார்த்து எடுத்துக்கொள் என்பது முதல் பாதி. யாருக்கு எந்த இடம் என்று பார்த்து உட்கார் என்பது இரண்டாம் பாதி. பந்திக்கு முந்தச் சொல்லும் பழமொழி நம்மிடம் இருக்கிறது. பின்னால் வருபவனை நினைக்கச் சொல்லும் பழமொழி அவர்களிடம் இருக்கிறது.

புத்தாண்டுப் பானை

இளநீரில் வெந்த இந்தக் கறிக்குத் "தித் கொ" என்று பெயர். "தித்" என்றால் இறைச்சி. "கொ" என்றால் உப்பும் இனிப்பும் சேர்த்து, சிறு தீயில், சாறு சுண்டும்வரை வேகவைப்பது.

தென் வியட்நாமில் இது எல்லா நாளும் உண்டு. ஆனால் "தெத்" எனப்படும் புத்தாண்டில் இது இல்லாத வீடு அரிது. ஜனவரி கடைசிக்கும் பிப்ரவரி மூன்றாம் வாரத்துக்கும் இடையே, சந்திரனைக் கணக்கிட்டு வரும் திருநாள் அது.

தெத் நாளில் சந்தைகள் சில நாள் மூடிவிடும். அடுப்படியில் நிற்கவும் நேரம் இருக்காது. ஆகவே முன்பே ஒரு பெரிய பானை நிறையச் சமைத்து வைப்பார்கள். தினமும் ஒருமுறை கொதிக்க வைப்பார்கள். நாள் ஆக ஆக முட்டை பழுப்பேறி இறுகும். கறி வெண்ணெயாய்க் குழையும். நம் வீட்டில் மறுநாள் மீன் குழம்புக்கு இருக்கும் மதிப்பு அங்கே மூன்றாம் நாள் தித் கொவுக்கு!

முதல் கிண்ணம் யாருக்குத் தெரியுமா? இறந்துபோன முன்னோருக்கு. ஆண்டின் கடைசி நாளில், வீட்டில் உள்ள முன்னோர் மாடத்தில் சோறும் கறியும் பழமும் வைத்து, ஊதுவத்தி ஏற்றி, "வீட்டுக்கு வாருங்கள்" என்று அழைக்கிறார்கள். நாம் படையல் போடுவதைப் போலத்தான். கறித் துண்டு சதுரம், முட்டை வட்டம். சதுரமும் வட்டமும் சேர்ந்தால் குடும்பம் குறையில்லாமல் நிறையும் என்று விளக்கம் சொல்கிறார்கள்.

ரேஷன் புத்தகம்

இந்தப் பானை எப்போதும் நிறைந்திருந்ததில்லை.

1945-ஆம் ஆண்டில் வட வியட்நாமில் கொடிய பஞ்சம் வந்தது. லட்சக்கணக்கானோர் பட்டினியால் மாண்டார்கள். பிறகு முப்பது ஆண்டுகள் போர். 1975-ல் போர் ஓய்ந்தது. 1976-ல் வடக்கும் தெற்கும் ஒரே நாடாயின. ஆனால் வயிறு நிறையவில்லை.

அரிசி முதல் சோப்பு வரை எல்லாம் ரேஷன். அரிசிக்குப் புத்தகம். இறைச்சிக்குச் சீட்டு. ஒரு மாதத்துக்குக் கிடைத்த கறி ஒருவருக்குச் சில நூறு கிராம்தான். விடிவதற்கு முன்பே வரிசையில் நிற்க வேண்டும். நிற்க முடியாதவர்கள் தங்கள் இடத்தில் ஒரு செங்கல்லை வைத்துவிட்டுப் போவார்கள்!

யாராவது முகத்தைத் தொங்கப் போட்டுக்கொண்டு வந்தால், "அரிசிப் புத்தகத்தைத் தொலைத்தவன் மாதிரி இருக்கிறாயே!" என்பார்கள். காலம் மாறிய பிறகும் அந்தச் சொல் வழக்கில் நின்றுவிட்டது.

கிடைத்த அரிசியிலும் மரவள்ளியையும் சர்க்கரைவள்ளியையும் கலந்து பொங்கினார்கள். கறிக் கடையில் எல்லோரும் கேட்டது கொழுப்பு. சதையைச் சீண்டுவார் இல்லை. கொழுப்பை உருக்கினால் ஒரு மாதத்துக்குச் சமையல் எண்ணெய் ஆயிற்று. உருகிய பின் மிஞ்சும் மொறுமொறுப்பான சக்கையை மீன் சாறு விட்டுப் புரட்டினால் குழந்தைகளுக்குச் சோற்றுக்குத் துணை ஆயிற்று. ஹனோய் நகரில் அடுக்குமாடி வீடுகளின் குளியல் அறையில் பன்றி வளர்த்தவர்கள் உண்டு. சம்பளத்தைவிடப் பன்றியை நம்பினார்கள்.

"கொ" சமையலின் அருமை இப்போது விளங்கும். உப்பாக, இனிப்பாக, கெட்டியாகச் சமைத்தால் ஒரு சிறு துண்டு கறிக்கு ஒரு கிண்ணம் சோறு இறங்கும். அரைக் கிலோ கறி எட்டுப் பேருக்குப் போதும். இல்லாதவர்கள் கண்டுபிடித்த கணக்கு இது.

கறியே இல்லாத நாளில்? மீன் சாற்றையும் சர்க்கரையையும் துளி கொழுப்பையும் சட்டியில் சுண்டக் காய்ச்சினார்கள். அடிச்சோற்றுக் காந்தலால் சட்டியை வழித்துத் தின்றார்கள். "கொ குவெத்" என்று அதற்குப் பெயர். வழித்துத் தின்பது என்றே பொருள். இன்றைக்கு அதைப் பெரிய ஓட்டல்களில் காசு கொடுத்து உண்கிறார்கள்!

1986-ல் அரசு பொருளாதாரக் கொள்கையை மாற்றியது. குடியானவர்கள் தங்கள் விளைச்சலைத் தாங்களே விற்க வழி பிறந்தது. 1989-ல் வியட்நாம் வெளிநாட்டுக்குப் பெருமளவில் அரிசி ஏற்றுமதி செய்தது. இப்போது இந்தியா, தாய்லாந்து ஆகிய நாடுகளோடு உலகின் முன்னணி அரிசி ஏற்றுமதி நாடுகளில் ஒன்று.

சைகோன் முதல் புதுச்சேரி வரை

இந்தச் சமையலுக்கும் தமிழருக்கும் பழைய உறவு ஒன்று உண்டு.

புதுச்சேரியையும் காரைக்காலையும் ஆண்ட பிரெஞ்சுக்காரர்களே வியட்நாமையும் பிடித்தார்கள். 1859-ல் சைகோன் நகரம் அவர்கள் கைக்கு வந்தது. புதுச்சேரி, காரைக்கால் தமிழர்கள் அங்கே அரசு வேலைக்கும் பட்டாளத்துக்கும் போனார்கள். செட்டிநாட்டு நகரத்தார் வட்டிக்கடை வைத்தார்கள். அவர்கள் காலத்து மாரியம்மன் கோவில் இன்றும் அந்த நகரின் நடுவில் இருக்கிறது. நகரத்தின் பெயர் 1976-ல் ஹோ சி மின் நகரம் என்று மாறியது. கோவிலில் இப்போது வரிசையில் நின்று கும்பிடுவோரில் பெரும்பாலோர் வியட்நாம் மக்களே.

நம் "கறி" என்ற சொல்லும் அங்கே குடியேறிவிட்டது. மசாலாப் பொடியும் தேங்காய்ப் பாலும் சேர்த்த கோழிக் குழம்பை அவர்கள் "கா ரி" என்று அழைக்கிறார்கள். ரொட்டியோடு தொட்டுச் சாப்பிடுகிறார்கள்.

போன தமிழர் சிலர் அங்கேயே வியட்நாம் பெண்களை மணந்துகொண்டார்கள். 1954-ல் பிரெஞ்சு ஆட்சி முடிந்தபோதும், 1975-ல் போர் முடிந்தபோதும் பல குடும்பங்கள் புதுச்சேரிக்குத் திரும்பின. கூடவே சமையலும் கப்பல் ஏறி வந்தது. கறியையும் காய்களையும் மெல்லிய அரிசித் தாளில் சுருட்டிப் பொரிக்கும் "சாயோ" என்ற பலகாரம் புதுச்சேரிக்கு இப்படித்தான் வந்தது.

வேறு திசையிலும் போனார்கள். 1975-க்குப் பின் இருபது ஆண்டுகளில் ஏறத்தாழ 8 லட்சம் பேர் படகேறித் தப்பி அயல்நாட்டுக் கரைகளை அடைந்தார்கள். அமெரிக்காவில் குடியேறியவர்களுக்கு இளநீர் கிடைக்கவில்லை. என்ன செய்தார்கள்? தேங்காய்ச் சுவை சேர்த்த சோடாவை வாங்கிப் பானையில் ஊற்றினார்கள். தெத் நாளில் முன்னோருக்குத் தித் கொ வைக்காமல் இருக்க மனம் ஒப்பவில்லை.

நமக்கு அந்தக் கஷ்டம் இல்லை. தெருமுனையில் இளநீர் வண்டி நிற்கிறது!

தேவையான சாமான்கள்

(ஐந்து பேருக்கு)

பன்றிக் கறி - முக்கால் கிலோ
முட்டை - 6
இளநீர் - ஒரு லிட்டர் (மூன்று அல்லது நான்கு காய்)
மீன் சாறு - 4 மேஜைக்கரண்டி
சர்க்கரை - 2 மேஜைக்கரண்டி
பூண்டு - 5 பல்
சின்ன வெங்காயம் - 6
பச்சை மிளகாய் - 2
மிளகுத்தூள் - அரைத் தேக்கரண்டி

கறி வாங்கும்போது வயிற்றுப் பகுதியாகக் கேளுங்கள். தோல், கொழுப்பு, சதை மூன்றும் அடுக்கடுக்காக இருக்க வேண்டும். வெறும் சதை என்றால் சக்கையாகிவிடும். பண்ணையில் வளர்த்த வெண்பன்றிக் கறியாக, நம்பிக்கையான கடையில் வாங்குவது நல்லது.

இளநீர் புதிதாக இருக்கட்டும். முற்றிய தேங்காயை உடைக்கும்போது வரும் தண்ணீர் வேண்டாம்; சில சமயம் புளிப்பு அடிக்கும்.

மீன் சாறு என்றால் என்ன? மூன்று பங்கு மீனுக்கு ஒரு பங்கு உப்புச் சேர்த்து, பெரிய மரத் தொட்டியில் ஓராண்டு போல ஊறவைத்து வடிப்பது. வேறு மீன் அல்ல. நம் நெத்திலி வகைதான்! வியட்நாமில் அதற்குச் "சோற்று மீன்" என்றே பெயர். ஃபூ குவோக் தீவின் மீன் சாறு மிகப் புகழ் பெற்றது. அந்தப் பெயரை மற்ற ஊர்ச் சரக்குக்குச் சூட்டக்கூடாது என்று 2012-ல் ஐரோப்பிய ஒன்றியமே பாதுகாப்பு அளித்தது.

பெரிய நகரக் கடைகளில் மீன் சாறு புட்டியில் கிடைக்கிறது. கிடைக்காவிட்டால் ஒரு கைப்பிடி நெத்திலிக் கருவாட்டைக் கழுவி, ஒரு டம்ளர் தண்ணீரில் கொதிக்கவிட்டு வடிகட்டி, உப்புச் சேர்த்துக்கொள்ளுங்கள். அசல் மணம் வராது. ஆனால் காரியம் நடக்கும்.

செய்முறை

கறியை இரண்டு விரல் அகலச் சதுரங்களாக நறுக்கிக் கழுவுங்கள். தட்டிய பூண்டு, நறுக்கிய வெங்காயம், மிளகுத்தூள், மூன்று கரண்டி மீன் சாறு சேர்த்துப் பிசிறி அரை மணி நேரம் ஊறவிடுங்கள். முட்டைகளைத் தனியாக வேகவைத்துத் தோல் உரித்துக்கொள்ளுங்கள்.

அடுத்ததுதான் கண்டம்! அடி கனத்த பாத்திரத்தில் சர்க்கரையையும் ஒரு கரண்டித் தண்ணீரையும் போட்டுச் சிறு தீயில் வையுங்கள். சர்க்கரை முதலில் கரையும். பிறகு பொன் நிறம். பிறகு தேன் நிறம். பிறகு காப்பி டிக்காக்ஷன் நிறம். அந்த நிறம் எட்டும் தருணத்தில் கறியைப் போட்டுவிட வேண்டும். ஒரு நொடி தாமதித்தால் கருகிக் கசந்துவிடும்.

முதல் ஞாயிற்றுக்கிழமை எங்கள் வீட்டில் அதுதான் நடந்தது. சர்க்கரைப் பாகைப் பார்க்கச் சொல்லிவிட்டு என் மனைவி மிளகாய் எடுக்கப் போனாள். நான் நிறத்தை வியந்து பார்த்துக்கொண்டே நின்றேன். கறி கசந்தது. "இளநீரைக் குடித்திருந்தாலாவது வயிறு குளிர்ந்திருக்கும்" என்றார் அம்மா.

கறியைப் போட்டதும் ஐந்து நிமிடம் புரட்டுங்கள். கறிமேல் பழுப்பு ஏறும். பிறகு இளநீர் முழுவதையும் ஊற்றுங்கள். பொங்கி வரும் நுரையைக் கரண்டியால் எடுத்துவிட வேண்டும். நுரை போனால்தான் சாறு தெளிவாக இருக்கும். கொதித்தவுடன் தீயைக் குறைத்துவிடுங்கள். மூடி போட வேண்டாம்.

முக்கால் மணி நேரம் கழித்து முட்டைகளையும், கீறாத பச்சை மிளகாயையும் போடுங்கள். இன்னும் அரை மணி நேரம் வேகட்டும். குச்சியால் குத்தினால் தோல் வரை சுலபமாக இறங்க வேண்டும். பன்றிக் கறியை அரைவேக்காடாக ஒருபோதும் உண்ணக்கூடாது. சாறு பாதியாகச் சுண்டியதும் ருசி பார்த்து, மிச்சம் உள்ள மீன் சாற்றைச் சேர்த்து இறக்கிவிடுங்கள். மசாலாப் பொடி எதுவும் வேண்டாம்.

சோறு பச்சரிசிச் சோறு. கஞ்சி வடிக்கக் கூடாது. ஓர் அளவு அரிசிக்கு ஒன்றரை அளவு தண்ணீர் வைத்து, மூடி, தண்ணீர் வற்றியதும் தணலில் பத்து நிமிடம் புழுங்கவிட்டால் பூப்போல இருக்கும்.

கொழுப்பான கறிக்கு ஒரு புளிப்பு வேண்டும். இரண்டு கிண்ணம் நீளமாக முளைவிட்ட பச்சைப்பயறு, ஒரு கேரட்டின் துருவல் எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு டம்ளர் தண்ணீர், அரை டம்ளர் வினிகர், இரண்டு கரண்டி சர்க்கரை, ஒரு சிட்டிகை உப்புக் கலந்து அதில் ஒரு மணி நேரம் ஊறவையுங்கள். தித் கொவுக்கு இதுதான் ஊறுகாய்.

கறி வேண்டாதவர்களுக்கு

பன்றிக் கறி வேண்டாதவர்கள் அதே பக்குவத்தில் மீன் சமைக்கலாம். வியட்நாமில் மண்சட்டி மீன் "கொ" மிகப் பிரபலம். அதற்கு அரை மணி நேரமே போதும். கோழியும் போடலாம், முட்டை மட்டும் போட்டாலும் நன்றாக இருக்கும்.

சைவர்களுக்கும் வழி உண்டு. அங்கே சந்திர மாதத்தின் முதல் நாளிலும் பௌர்ணமியிலும் பௌத்தர்கள் பலர் சைவம் உண்பார்கள். அன்றைக்குச் சோயா பாலாடைக்கட்டியும் காளானும் இளநீர்ப் பானையில் வேகும். மீன் சாற்றுக்குப் பதில் சோயா சாறு.

நொய்க்கு வந்த மதிப்பு

பச்சரிசி நொய் இருந்தால் அதையும் பொங்கிப் பாருங்கள்.

மேக்கொங் பகுதிக் குடியானவர்கள் நல்ல அரிசியைச் சந்தைக்கு அனுப்பிவிட்டு, உடைந்த நொய்யைத் தாங்கள் உண்டார்கள். கோழிக்கும் அதைத்தான் போட்டார்கள். பிழைப்புத் தேடிச் சைகோனுக்கு வந்த ஏழைகளுக்குக் காலையில் மலிவாகக் கிடைத்ததும் நொய்ச் சோறுதான்.

அதன்மேல் யாரோ நெருப்பில் வாட்டிய பன்றிக் கறித் துண்டு ஒன்றை வைத்தார்கள். வெங்காயத்தாளை எண்ணெயில் வதக்கி ஊற்றினார்கள். "கொம் தாம்" என்ற அந்த நொய்ச் சோறு இன்றைக்குச் சைகோனின் அடையாளம். ஆளுக்கொரு தட்டில், குச்சியை விட்டுவிட்டுக் கரண்டியால் உண்பார்கள். பணக்காரனும் ஏழையும் ஒரே நடைபாதைக் கடையில் உட்கார்ந்து சாப்பிடுகிறார்கள்.

மூன்றாவது ஞாயிறு

எங்கள் வீட்டுக் கதையை முடித்துவிடுகிறேன்.

இரண்டாவது ஞாயிறு பாகு கருகவில்லை. தெரு முழுக்க மணம். நானும் அம்மாவும் இரண்டு குழந்தைகளும் உட்கார்ந்தோம். என் மனைவி பரிமாறினாள். இனிப்பும் உப்புமான சாற்றைப் பிசைந்து பிசைந்து உண்டோம். "இன்னொரு துண்டு", "இன்னொரு முட்டை" என்று கேட்டுக்கொண்டே இருந்தோம்.

கடைசியில் அவள் தட்டைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தாள். பானையில் சாறு மட்டும் இருந்தது. கொஞ்சம் சோற்றைப் பானையில் போட்டுத் துடைத்துச் சாப்பிட்டாள். "நல்லாத்தான் இருக்கு" என்றாள்.

அன்று காலையில்தான் பானையைப் பார்க்கச் சொல்லும் பழமொழியை நான் எழுதி வைத்திருந்தேன்! எழுதியவனே பார்க்கவில்லை.

அவள் குறை சொல்லவில்லை. எத்தனையோ வீடுகளில் அம்மாக்கள் இப்படித்தான் வழித்துத் தின்கிறார்கள். அதை நாம் வழக்கம் என்று நினைத்துக்கொள்கிறோம். பஞ்சத்தில் கறி குறைவாக இருந்தால் ஒரு நியாயம் உண்டு. முக்கால் கிலோ கறி இருந்தும் சமைத்தவளுக்கு மிஞ்சவில்லை என்றால் என்ன நியாயம்?

மூன்றாவது ஞாயிறு பானையைக் கூடத்துக்கே கொண்டுவந்தோம். எல்லோரும் ஒன்றாக உட்கார்ந்தோம். என் மகள் பானைக்குள் எட்டிப் பார்த்தாள். "ஆறு முட்டை, அஞ்சு பேர்" என்று கணக்குச் சொன்னாள். மிஞ்சிய ஒன்று யாருக்கு என்றேன்.

"அம்மாவுக்கு. போன வாரம் பாக்கி" என்றாள்.